கணினிக்குள் ஓர் அன்ட்ரொய்ட்: கொன்டெய்னர் வழி எப்படி ஓடுகிறது, எங்கே நின்றுவிடுகிறது

"இந்த அப்பை லப்டொப்பில போட ஏலுமா?" திருகோணமலையில் கணினி திருத்தும் கடைக்காரர் எவரைக் கேட்டாலும் இந்தக் கேள்வி அவருக்குப் பழக்கமாக இருக்கும். கேட்பவர் உப்புவெளியில் விடுதி நடத்துபவராக இருப்பார். அறை கேட்டு வரும் செய்தியெல்லாம் போனில்தான் வருகிறது, சீசன் முடியும் மட்டும் அந்தச் சின்னத் திரையைப் பார்த்தே கண் பூத்துவிடும். அல்லது பஸ் நிலையப் பக்கம் பலசரக்குக் கடை வைத்திருப்பவர்; கடன் கணக்கை எழுதும் செயலி போனுக்கு மட்டும்தான் இருக்கிறது. அல்லது கோணேசபுரி வளாகத்தில் படிக்கும் மாணவர். தான் எழுதிய செயலியைச் சோதித்துப் பார்க்க வேண்டும், கையில் இருப்பதோ அக்கா பாவித்துவிட்டுக் கொடுத்த 4 ஜிபி லப்டொப்.

வழக்கமாகக் கிடைக்கும் பதில் எமுலேட்டர். புளூஸ்டாக்ஸ் மாதிரி ஏதாவது ஒன்றை நிறுவிக் கொடுப்பார்கள். நல்ல கணினியில் அது நன்றாகவே ஓடும். பழைய லப்டொப்பில் மின்விசிறி இரைய ஆரம்பித்துவிடும், கூடவே திறந்திருக்கும் பிரவுசர் தள்ளாடும். செயலி பெரிதாக இருப்பதால் இப்படி ஆவதில்லை. கடன் கணக்கு எழுதும் செயலிக்கு அப்படி என்ன பெரிய வேலை? பாரம் எல்லாம் அதற்குக் கீழே இருக்கிறது: முழுதாக ஒரு போனையே கணினிக்குள் கட்டி எழுப்பி, அதன் மேல் அந்தச் சின்னச் செயலியை ஏற்றுகிறோம்.

லினக்ஸ் பாவிப்பவர்களுக்குக் கொன்டெய்னர் என்ற இன்னொரு வழி உண்டு. அது போனைப்போல நடிப்பதே இல்லை. அன்ட்ரொய்ட் என்பது அடியில் லினக்ஸ்தான் என்ற ஒரே உண்மையை வைத்துக்கொண்டு வேலையை முடிக்கிறது.

2008இல் முதல் அன்ட்ரொய்ட் போன் வந்த நாளில் இருந்து இன்றுவரை அதன் கேர்னல், அதாவது எல்லாவற்றுக்கும் அடியில் ஓடும் மைய நிரல், லினக்ஸ்தான். மெமரியைப் பங்கிடுவது, கோப்பைத் திறப்பது, செயல்முறைகளுக்கு முறை வைத்து நேரம் கொடுப்பது எல்லாம் உபுண்டு என்ற லினக்ஸ் வெளியீட்டில் எந்தக் கேர்னல் செய்கிறதோ அதே கேர்னல்தான் போனிலும் செய்கிறது. வேறுபாடு அதற்கு மேலே. உபுண்டுவில் கிளிப்சி என்ற சி நூலகம் இருக்கும் இடத்தில் அன்ட்ரொய்ட்டில் பயோனிக் இருக்கிறது. திரையை வரைய சர்ஃபேஸ்ஃபிளிங்கர் என்ற சேவை. செயலிகளைப் பெற்றுப்போட சைகோட் என்ற தாய்ச் செயல்முறை; நீங்கள் எந்தச் செயலியைத் திறந்தாலும் சைகோட் தன்னையே ஒரு பிரதி எடுத்து அதற்குள் செயலியை ஏற்றுகிறது. இவையெல்லாம் தங்களுக்குள் கதைத்துக்கொள்ள பைண்டர் என்ற ஒரு வழி. இந்த பைண்டர் மட்டும் கேர்னலுக்குள் இருக்க வேண்டும். அதுவும் பல ஆண்டுகளாகப் பொது லினக்ஸ் கேர்னலின் மூலநிரலிலேயே இருக்கிறது.

அப்படியென்றால் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருக்கும் கேர்னலின் மேல் அன்ட்ரொய்ட்டின் மேல்பகுதியை மட்டும் கொண்டுவந்து வைத்தால் என்ன? கொன்டெய்னர் செய்வது இதைத்தான். நம்மூர் வளவுக் கணக்கில் சொன்னால், எமுலேட்டர் என்பது பக்கத்தில் இன்னொரு காணி வாங்கி, மதில் கட்டி, புதிதாகக் கிணறு வெட்டி வீடு கட்டுவது. கொன்டெய்னர் என்பது அதே வளவுக்குள் இரண்டாவது வீடு, கிணறு ஒன்றுதான். செலவு குறைவு. ஆனால் கிணற்றில் ஏதாவது விழுந்தால் இரண்டு வீட்டுக்கும் கேடு. பாதுகாப்பைப் பற்றிப் பேசும்போது இந்தக் கிணற்றுக்குத் திரும்ப வருவோம்.

இரண்டாவது வீட்டுக்காரர் முதல் வீட்டுக்காரரைப் பார்க்காமல் இருக்க மறைப்பு வேண்டும். அதற்கு லினக்ஸில் பெயர்வெளிகள் இருக்கின்றன. ஒரு செயல்முறையைத் தனிப் பெயர்வெளிக்குள் போட்டால் அதற்குத் தன் கோப்பு மரம், தன் செயல்முறைப் பட்டியல், தன் வலையமைப்பு மட்டும்தான் தெரியும். 2002இல் கோப்பு மரத்துக்கான பெயர்வெளி வந்தது; மற்றவை ஒவ்வொன்றாகப் பிறகு சேர்ந்தன. யார் எவ்வளவு மெமரியும் சிபியூவும் எடுக்கலாம் என்று கட்டுப்படுத்தும் சிகுரூப் என்ற ஏற்பாட்டைக் கூகுள் பொறியியலாளர்கள் 2006இல் எழுதத் தொடங்க, 2008இல் அது கேர்னலுக்குள் வந்தது. இரண்டையும் சேர்த்துக் கட்டிய எல்எக்ஸ்சி என்ற கொன்டெய்னர் கருவி அதே 2008இல், பேர்பெற்ற டொக்கர் 2013இல். சேர்வர்களுக்காகச் செய்த ஏற்பாடுதான் இது. போன் செயலிக்கு உதவும் என்று அப்போது யாரும் திட்டமிட்டுச் செய்யவில்லை.

முதலில் பேர் எடுத்தது அன்பொக்ஸ். சைமன் ஃபெல்ஸ் என்பவர் 2017இல் வெளியிட்டார். எண்ணம் சரி, ஆனால் திரை விஷயத்தில் அது எமுலேட்டர்களின் பழைய வழியிலேயே போனது: உள்ளிருக்கும் செயலி கொடுக்கும் வரைகலைக் கட்டளைகளைக் குழாய் வழியாக வெளியே அனுப்பி, வெளியே இன்னொருவர் வரைவார். தாமதம் தெரிந்தது. 2023இல் அந்தத் திட்டத்தை மூடி, வேட்ரொய்ட்டைப் பாருங்கள் என்று சொல்லிவிட்டார்கள்.

வேட்ரொய்ட் 2021இல் வந்தது. லினக்ஸ் போன்கள் செய்துகொண்டிருந்தவர்கள் தங்கள் தேவைக்காகத் தொடங்கியது, பிறகு மேசைக்கணினிக்கும் வந்து சேர்ந்தது. எல்எக்ஸ்சி கொன்டெய்னருக்குள் லைனேஜ்ஓஎஸ் என்ற திறந்த மூல அன்ட்ரொய்ட் பதிப்பை ஏற்றுகிறது. கணினியின் வரைகலைச் சிப்பை உள்ளிருக்கும் அன்ட்ரொய்ட்டே நேராகத் தொடுகிறது. அது வரைந்த படத்தை லினக்ஸின் புதிய திரை ஏற்பாடான வேலண்ட் வாங்கி ஜன்னலாகக் காட்டுகிறது. நடுவில் மொழிபெயர்ப்பாளர் இல்லை. அதனால்தான் பழைய இன்டெல் சிப்பிலும் விரலால் தள்ளுவதுபோலவே திரை வழுக்கிக்கொண்டு போகிறது. ஓர் அமைப்பை மாற்றினால் ஒவ்வொரு செயலியும் தனித்தனி ஜன்னலில் திறக்கும். கடன் கணக்குச் செயலி ஃபயர்பொக்ஸுக்குப் பக்கத்திலேயே நிற்கும்.

இதில் எதுவும் நடிப்பு இல்லை என்பதைக் கண்ணாலேயே பார்க்கலாம். வேட்ரொய்ட் ஓடும்போது வெளியே, உபுண்டு பக்கத்தில், ஒரு டேர்மினலைத் திறந்து செயல்முறைப் பட்டியலைப் பாருங்கள். எமுலேட்டர் என்றால் அங்கே ஒரே ஒரு பெரிய செயல்முறைதான் தெரியும். உள்ளே என்ன நடக்கிறது என்று வெளியே தெரியாது. இங்கே ஃபயர்பொக்ஸ், லிப்ரேஒஃபிஸ் ஆகியவற்றோடு சைகோட், சர்ஃபேஸ்ஃபிளிங்கர், சிஸ்டம்சேர்வர் என்று அன்ட்ரொய்ட்டின் உறுப்புகள் எல்லாம் தனித்தனி வரியில் வரிசையாக இருக்கும். இன்னொன்றும் கண்ணில் படும். சிஸ்டம்சேர்வர் யாருடைய செயல்முறை என்று பார்த்தால் உங்கள் பெயரே இருக்கும்! பயப்பட வேண்டாம். அன்ட்ரொய்ட்டில் 'சிஸ்டம்' என்ற பயனருக்கு எண் 1000. உபுண்டுவில் முதலாவதாகப் பதிந்த பயனருக்கும் எண் 1000. பயனர் எண்களுக்கு இங்கே தனிப் பெயர்வெளி போடவில்லை, அதனால் கேர்னலுக்கு இருவரும் ஒருவரே. செயலிகளின் எண்கள் 10,000க்கு மேல் இருக்கும். அன்ட்ரொய்ட் தொடக்கத்தில் இருந்தே ஒவ்வொரு செயலியையும் ஒரு தனி லினக்ஸ் பயனராகத்தான் நடத்துகிறது. ஒரு செயலி இன்னொன்றின் தரவைத் தொட முடியாமல் இருப்பது அதனால்தான்.

சரி, இவ்வளவு நல்ல வழியாக இருந்தால் ஏன் எல்லாரும் பாவிக்கவில்லை?

முதல் தடை கணினியில். கேர்னலில் பைண்டர் இருக்க வேண்டும். மூலநிரலில் இருந்தாலும் எல்லா லினக்ஸ் வெளியீடுகளும் அதைச் சேர்த்துக் கட்டுவதில்லை. திரை வேலண்டில் ஓட வேண்டும், உபுண்டு 21.04இல் இருந்து பெரும்பாலான கணினிகளில் அதுவே இயல்புநிலை. என்விடியா வரைகலை அட்டை மட்டும் உள்ள கணினி என்றால் ஆசையைக் குறைத்துக்கொள்ளுங்கள், வரைவதெல்லாம் சிபியூ தலையில் விழும். இன்டெல், ஏஎம்டி என்றால் பிரச்சினை இல்லை. சிபியூவும் எஸ்எஸ்இ 4.2 கட்டளைகள் தெரிந்ததாக இருக்க வேண்டும். கோர் ஐ வரிசைச் சிப்புகளுக்கு அது தெரியும், அதற்கு முந்திய கோர் 2 டுவோ லப்டொப்புகளுக்குத் தெரியாது. திருத்தும் கடைகளில் இன்னும் ஒன்றிரண்டு கோர் 2 டுவோ கிடக்கும். அவற்றில் இதை முயன்று நேரத்தை வீணாக்க வேண்டாம்.

நிறுவியதும் பலரும் மாட்டும் இடம் இணையம். அன்ட்ரொய்ட் திரை வந்துவிடும், உள்ளே எந்தப் பக்கமும் திறக்காது. கொன்டெய்னருக்கு 192.168.240 என்று தொடங்கும் ஒரு தனி உள்வலையமைப்பு இருக்கிறது. உபுண்டுவின் தீச்சுவர் இயங்கிக்கொண்டிருந்தால் அதில் இருந்து வெளியே போகும் போக்குவரத்தை மறித்துவிடுகிறது. பிழை டயலொக்கிலும் அல்ல, எஸ்எல்டியிலும் அல்ல, ரவுட்டரை நிறுத்தி நிறுத்திப் போட்டும் பயனில்லை. தீச்சுவரில் அந்த உள்வலையமைப்பை அனுமதித்தால் உடனே வந்துவிடும்.

இரண்டாவது தடை சிப்பின் பாஷை. போன்களில் இருப்பது ஏஆர்எம் சிப், லப்டொப்பில் பெரும்பாலும் இன்டெல் வகை. ஜாவாவிலோ கொட்லினிலோ மட்டும் எழுதிய செயலி எங்கும் ஓடும், சிப்புக்கு ஏற்றபடி அன்ட்ரொய்ட்டே மாற்றிக்கொள்ளும். ஆனால் விளையாட்டுகள், வீடியோச் செயலிகள் முதலானவை சி++ இல் எழுதிய பகுதிகளை ஏஆர்எம் இயந்திரமொழியாகவே கட்டி அனுப்புகின்றன. அவற்றுக்கு நடுவில் பெயர்க்க ஆள் வேண்டும். இன்டெல் செய்த லிப்ஹவுடினி, கூகுள் செய்த லிப்என்டிகே என்று இரண்டு உண்டு. வேட்ரொய்ட்டோடு இவை வருவதில்லை. குரோம்ஓஎஸ் (குரோம்புக் கணினிகளின் இயங்குதளம்), விண்டோஸ் ஆகியவற்றின் படிமங்களில், அதாவது நிறுவல் கோப்புகளில், இருந்து எடுத்துச் சேர்த்துக்கொள்கிறார்கள், உரிமம் தெளிவான விஷயமல்ல. சேர்த்தாலும் எல்லாம் ஓடும் என்று சொல்ல முடியாது. கொன்டெய்னரின் வேகம் எல்லாம் ஒரே கேர்னல், ஒரே சிப் என்ற ஒற்றுமையில் இருந்து வருகிறது. அந்த ஒற்றுமை உடையும் இடத்தில் இதுவும் பாதி எமுலேட்டர்தான்.

மூன்றாவது தடைதான் பெரியது. அதற்கும் தொழில்நுட்பத்துக்கும் சம்பந்தம் குறைவு. ஒரு செயலி ஓட முடிவது வேறு, ஓடச் சம்மதிப்பது வேறு.

வங்கிச் செயலியை எடுங்கள். தொழில்நுட்பத்தால் பார்த்தால் ஒரு சாதாரணச் செயலி: நாலு பெட்டி, ஒரு பட்டியல், இணையத் தொடர்பு. வேட்ரொய்ட்டில் ஓடாமல் இருக்க ஒரு காரணமும் இல்லை. ஆனால் திறந்தவுடனே கூகுளின் பிளே இன்டெக்ரிட்டி என்ற சேவையைக் கேட்கிறது: நான் நிற்கும் இடம் சான்றுபெற்ற உண்மையான போனா? முன்பு சேஃப்டிநெட் என்ற பெயரில் இதே வேலையைச் செய்த சேவையின் இடத்துக்கு வந்தது இது. வேட்ரொய்ட்டுக்குச் சான்று கிடையாது. பதில் 'இல்லை' என்று வரும், செயலி மூடிக்கொள்ளும். கூகுள் சேவைகள் சேர்ந்த படிமத்தை இறக்கி, அன்ட்ரொய்ட் அடையாள எண்ணைக் கூகுளின் பக்கத்தில் பதிந்துகொண்டால் பிளே ஸ்டோர் திறக்கும். அது ஸ்டோருக்கு மட்டுமான அனுமதி. வங்கியை அது திருப்திப்படுத்தாது. இதைச் சுற்றிப் போக வழி சொல்லித்தரும் வீடியோக்கள் ஏராளம். பணம் புழங்கும் செயலியை ஏமாற்றி ஓட்டுவதை நான் யாருக்கும் சிபாரிசு செய்யமாட்டேன். கணக்கு முடங்கினால் கிளையில் போய் என்ன விளக்கம் சொல்வது? வங்கிகளின் இணையத்தளம் அதே கணினியில் பிரவுசரிலேயே திறக்கும்.

காசு கட்டிப் பார்க்கும் படச் செயலிகளும் இதே ரகம். ஓடினாலும் தரம் குறைந்த படம்தான் வரும். உயர்தரப் படத்துக்கு வன்பொருளிலேயே பூட்டு இருக்கிறதா என்று பார்ப்பார்கள்.

விண்டோஸ்காரர்களுக்கு ஒரு காலத்தில் நல்ல செய்தி இருந்தது. விண்டோஸ் 11இல் அன்ட்ரொய்ட் செயலிகள் ஓடும் என்று 2021இல் மைக்ரோசொஃப்ட் அறிவித்தது. விண்டோஸின் கேர்னல் லினக்ஸ் அல்ல என்பதால் அது கொன்டெய்னராக இருக்க முடியாது. மைக்ரோசொஃப்ட்டின் ஹைப்பர்-வி மேல் ஒரு மெய்நிகர் கணினிதான் (கணினிக்குள் தன் சொந்தக் கேர்னலோடு இன்னொரு கணினி) ஓடியது, குறைந்தது 8 ஜிபி மெமரி கேட்டது, ஸ்டோரும் கூகுளுடையதல்ல, அமேசானுடையது. 2025 மார்ச் 5இல் நிறுத்தியும்விட்டார்கள். ஐபோன் செயலிகளைப் பற்றிக் கேட்பவர்களுக்கு: இல்லை. அதன் கேர்னல் வேறு, ஆப்பிளின் சொந்தச் சிப் உள்ள மக் கணினிகளில் மட்டும், அதுவும் செயலியை எழுதியவர் சம்மதித்தால், ஓடும்.

குரோம்ஓஎஸ் கதை இன்னும் யோசிக்க வைக்கிறது. 2016இல் குரோம்புக்கில் பிளே ஸ்டோரைக் கொண்டுவந்தபோது கூகுள் கொன்டெய்னர் வழியைத்தான் எடுத்தது. சில ஆண்டுகள் கழித்து மெய்நிகர் கணினிக்கு மாறியது. வேகமான வழியைக் கையில் வைத்துக்கொண்டு ஏன் கனமான வழிக்குப் போக வேண்டும்? கிணறு ஒன்று என்றேனே, அதுதான். கேர்னலில் ஒரு ஓட்டை இருந்தால், கொன்டெய்னருக்குள் இருக்கும் கெட்ட செயலி அதன் வழியாக முழுக் கணினிக்கும் வந்துவிடலாம். அதோடு, ஒரு கேர்னலை இரு பக்கத்தாரும் பகிரும்போது ஒருவருக்காகப் புதுப்பித்தால் மற்றவருக்கு உடையும். கோடிக்கணக்கானவர்களுக்கு விற்கும் நிறுவனம் அந்தப் பொறுப்பை எடுக்க விரும்பாதது நியாயமே. நமக்கு அதில் இருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது சின்ன விஷயம்: வட்ஸ்அப் குழுவில் யாரோ போட்ட ஏபிகே (அன்ட்ரொய்ட் செயலியை நிறுவும்) கோப்பை 'கொன்டெய்னருக்குள்தானே' என்று நம்பிப் போடக் கூடாது. வேட்ரொய்ட்டில் பயனர் எண்களே பிரியாமல் கிடப்பதைச் சற்றுமுன்தான் பார்த்தோம். திறந்த மூலச் செயலிகளுக்கான எஃப்-ட்ரொய்ட், கூகுளின் பிளே ஸ்டோர் இரண்டோடு நின்றுகொள்வது நல்லது.

இனி முதலில் கேட்டவர்களிடம் வருவோம்.

விடுதிக்காரருக்கு நான் சொல்வது, முதலில் பிரவுசரைப் பாருங்கள் என்பதுதான். அறைப் பதிவுத் தளங்களில் பெரியவற்றுக்கு இணையத்தளம் உண்டு, வட்ஸ்அப்புக்கும் உண்டு. காற்றுப் படம் பார்க்கும் மீனவர்கள் விரும்பும் வின்டி என்ற வானிலைத் தளமும் பெரிய திரையில் பிரவுசரிலேயே அழகாகத் திறக்கும். அப்படியும் போனுக்கு மட்டுமே உள்ள செயலி என்றால் வேட்ரொய்ட் சரி. ஒன்றை மட்டும் கவனிக்க வேண்டும்: அன்ட்ரொய்ட் திரை தூங்கினால் வேட்ரொய்ட் கொன்டெய்னரையே உறையவைத்துவிடும். சிகுரூப்பின் ஒரு வசதி அது. எல்லாச் செயல்முறைகளும் அப்படியே நிற்கும், சிபியூ மிச்சம், ஆனால் அறிவிப்பு ஒன்றும் வராது. பதிவுச் செய்திக்காகக் காத்திருப்பவருக்கு இது ஆகாது. திரை தூங்காமல் அமைக்க வேண்டும், இல்லையென்றால் போனையும் பக்கத்தில் வைத்திருக்க வேண்டும்.

கடைக்காரருக்கு இது உண்மையிலேயே பொருந்தும். கடன் கணக்குச் செயலிகள் சான்றெல்லாம் கேட்பதில்லை, பெரும்பாலானவை எடையும் குறைவு. உள்ளிருக்கும் தரவு முழுவதும் அவருடைய சொந்தக் கோப்புறைக்குள் ஒரு மறைந்த இடத்தில் சாதாரணக் கோப்புகளாகவே இருக்கும். நிர்வாகி உரிமையோடு அதைப் பென்டிரைவில் பிரதி எடுத்தால் காப்பு முடிந்தது. போனில் இது இவ்வளவு இலகுவில்லை.

தட்டச்சு கொஞ்சம் சிக்கல். கணினியில் வைத்திருக்கும் தமிழ்99 விசைப்பலகை உள்ளே அப்படியே வராது, விசை அழுத்தம் மட்டும்தான் போய்ச் சேரும். அன்ட்ரொய்ட் பக்கத்தில் செல்லினமோ ஜிபோர்டோ தனியாகப் போட்டுக்கொள்ள வேண்டும். கொமினிகேஷன் கடைகளில் இன்னும் பாமினி என்ற பழைய எழுத்துருவில் தட்டுபவர்களுக்கு இன்னொரு வேலை: வேர்டில் அழகாகத் தெரியும் பாமினி எழுத்தைப் பிரதி எடுத்து அன்ட்ரொய்ட் செயலியில் ஒட்டினால் ஆங்கில எழுத்துக் குப்பையாக விழும். செயலிக்கு யுனிகோட் மட்டும்தான் தெரியும். மாற்றிவிட்டுத்தான் ஒட்ட வேண்டும்.

மாணவர் கதைதான் இவற்றில் நல்ல கதை. அன்ட்ரொய்ட் ஸ்டூடியோவையும் அதன் எமுலேட்டரையும் சேர்த்து ஓட்ட 16 ஜிபி மெமரி வேண்டும் என்று கூகுளே எழுதி வைத்திருக்கிறது. அக்காவின் 4 ஜிபி லப்டொப்பில் அது கனவு. வேட்ரொய்ட்டை ஓடவிட்டு, அதன் உள்வலையமைப்பு முகவரிக்கு ஏடிபி என்ற அன்ட்ரொய்ட் இணைப்புக் கருவி வழியாக இணைத்தால், கேபிளில் கொளுவிய போனைப்போலவே அது பட்டியலில் வரும். ஸ்டூடியோவுக்கும் அந்த மெமரி போதாது என்பதால் இலேசான எடிட்டரில் எழுதி, கட்டளை வரியில் கட்டி, நேராக அனுப்பலாம். பிழைப் பதிவும் அதே வழியில் வரும். கொஞ்சம் மினக்கெட வேண்டும், பிரவுசரில் ஏழெட்டு டேப் திறந்துவைத்துக்கொண்டு முடியாது. ஆனால் எழுதியதை உடனே ஓட்டிப் பார்க்கலாம். கமரா, ஜிபிஎஸ், சிம் தொடர்பான பகுதிகளையும் பட்டரி எவ்வளவு குறைகிறது என்பதையும் மட்டும் ஒரு நண்பரின் போனை வாங்கித்தான் சோதிக்க வேண்டியிருக்கும்.